பேர் வெட்டிய டம்ளர்

எங்கள் கிளை நூலகத்தில் உட்கார்ந்திருக்கும் தம்பி என்னைக் கண்டால் வாங்க என்று சொல்வதில்லை. "அக்கா, புதுசா ஒரு பிள்ளை வந்திருக்கு" என்பார், அதுவும் சத்தமாக. பக்கத்தில் பேப்பர் படித்துக்கொண்டிருக்கும் பெரியவர்கள் தலையைத் தூக்கிப் பார்ப்பார்கள். எனக்கு உடம்பெல்லாம் கூசும்.

பிள்ளை என்று அவர் சொல்வது புத்தகத்தை. பெற்றவர்களிடமோ கூட இருந்தவர்களிடமோ அடியும் சூடும் பட்டு, கடைசியில் அரசாங்கம் மீட்டுக் கொண்டுவந்த ஒரு குழந்தையை யாரோ ஒரு அம்மா தன் வீட்டில் வைத்து வளர்த்த உண்மைக் கதை. பெரும்பாலும் வெளிநாட்டில் நடந்தது, தமிழில் பெயர்த்தது. அட்டையில் ஒரு குழந்தை முதுகைக் காட்டி நிற்கும். இல்லாவிட்டால் ஒரு பொம்மை தரையில் கிடக்கும். அந்த மாதிரி அட்டை எங்கே தென்பட்டாலும், ஜங்ஷன் பக்கம் பழைய புத்தகம் பரப்பி வைத்திருக்கும் நடைபாதையானாலும் சரி, நின்றுவிடுவேன்.

எட்டாம் வகுப்போடு நின்றவள் நான். யாரும் நிறுத்தவில்லை. அம்மா இடுப்பு எலும்பு முறிந்து படுக்கையில் கிடந்தாள். இந்த வாரம் பள்ளிக்கூடம் போக வேண்டாம், சோறு பொங்கு என்றார்கள். அந்த வாரம் முடியவே இல்லை. அதனால் வாசிப்பு எனக்கு மெதுவாகத்தான் வரும். வரிக்கடியில் விரலை வைத்துக்கொண்டு, உதடு அசைய வாசிப்பேன். கடைசிப் பக்கத்தை முதலில் வாசித்துவிடுவேன். பிள்ளை பிழைத்துக் கிடக்கிறதா, யாரிடம் இருக்கிறது என்று தெரியாமல் முதல் பக்கத்துக்குப் போக என்னால் ஆகாது. வெளியே கிளம்பினால் கேஸை அணைத்தோமா என்று தெருமுனையிலிருந்து திரும்பி வருகிறவள். பஸ் கொஞ்சம் பிந்தினால் எங்கே கவிழ்ந்ததோ என்று நினைக்கிறவள். இப்படிப்பட்டவளுக்கு எதற்கு இந்தக் கதைகள் என்று என் வீட்டுக்காரர் கேட்பார்.

"ஏளா, அழறதுக்குன்னே போய்ப் புத்தகம் எடுத்துட்டு வாரியா?"

"அழலை அத்தான். கண்ணு எரியுது."

உண்மையில் அந்தக் கதைகள்தான் எனக்கு ஆறுதல். நான் எதையெல்லாம் நினைத்துப் பயப்படுகிறேனோ அதெல்லாம் அவற்றில் முதல் அத்தியாயத்திலேயே நடந்து முடிந்திருக்கும். அதற்கப்புறம் வருவது முழுக்கப் பிள்ளைக்குக் கஞ்சி கொடுத்தது, சட்டை வாங்கியது, பள்ளிக்கூடத்துக்குக் கூட்டிப் போனது, சண்டை போட்டது. பெரிய பயம் போன பிறகு நடக்கிற சின்ன வேலைகள். அதை எத்தனை பக்கம் கொடுத்தாலும் வாசிப்பேன்.

எங்களுக்குப் பிள்ளை இல்லை. அதைப் பற்றிச் சொல்ல வேண்டியதையெல்லாம் ஊரார் சொல்லி முடித்துவிட்டார்கள். நான் புதிதாகச் சொல்ல ஒன்றுமில்லை.

எங்கள் ஆட்களில் பெரும்பாலும் வாத்தியார், கிளார்க், தாசில்தார் ஆபீஸ். இவர் ஒருவர்தான் பேட்டையில் லேத் பட்டறை வைத்தவர். ஒரு ஞாயிற்றுக்கிழமை ஸ்கூட்டரைத் துடைத்துக்கொண்டே, என் மடியில் இருந்த புத்தகத்தைக் கண்ணால் காட்டிக் கேட்டார்.

"இத்தனை பிள்ளையை வாசிச்சாச்சு. ஒண்ணை வீட்டுக்கே கூட்டிட்டு வந்தா என்ன?"

விளையாட்டுக்குச் சொல்கிறார் என்று நினைத்தேன். அவர் துணியைப் பிழிந்து கொடியில் போட்டுவிட்டு, "நம்ம ஊர்லயும் உண்டாம். விசாரிச்சேன்" என்றார்.

உண்டுதான். தத்து இல்லை. வளர்ப்புப் பராமரிப்பு என்று பேர். பிள்ளை அரசாங்கத்தின் பொறுப்பில் இருக்கும்; வீடும் சோறும் நம்முடையது. விசாரணை, டாக்டர் சான்று, வீட்டைப் பார்க்க வந்தது, எங்களை உட்கார்த்தி வைத்து வகுப்பு எடுத்தது எல்லாம் நடந்தது. மாவட்ட அலுவலகத்திலிருந்து வந்த மேடம் நல்ல மாதிரி. எதையும் மறைக்காமல் சொன்னார்.

"கொஞ்ச மாசம் உங்க கூட இருக்கட்டும். அப்புறம் குழந்தைகள் நலக் குழு கூடும்போது பிள்ளையைத் தனியாக் கூப்பிட்டுக் கேப்பாங்க. அங்கேயே இருக்கியா, முன்ன இருந்த இல்லத்துக்கே திரும்பி வர்றியான்னு. அவ என்ன சொல்றாளோ அதுதான்."

அவள் என்ன சொல்கிறாளோ அதுதான். அதற்கப்புறம் மேடம் சொன்னது எதுவும் என் காதில் ஏறவில்லை.

பிள்ளை வருவதற்கு முன் நான் என் புத்தகங்களை மறுபடி எடுத்து வைத்துக்கொண்டு பரீட்சைக்குப் படிக்கிறவள் மாதிரி படித்தேன். பனி கொட்டுகிற ஒரு ஊரில் ஒரு அம்மா, பிள்ளை வருவதற்கு முதல் நாள் கடைக்குப் போகிறாள். கரடிப் படம் போட்ட ஒரு கோப்பை, ஒரு தட்டு, மஞ்சள் துண்டு வாங்குகிறாள். துண்டு மாட்ட ஒரு கொக்கி. கொக்கிக்கு மேலே பிள்ளையின் பேர். பிள்ளை வந்ததும் அதையெல்லாம் காட்டி, இதெல்லாம் உனக்கு மட்டும், வேறு யாரும் எடுக்க மாட்டோம் என்கிறாள். தனக்கென்று ஒரு பொருளையும் அதுவரை கண்டிராத அந்தப் பிள்ளை கோப்பையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டே தூங்கிப்போகிறது. எத்தனை தரம் வாசித்தாலும் அந்த இடத்தில் எனக்குக் கண் எரியும்.

மறுநாளே டவுணில் ரத வீதிக்குப் போனேன். பாத்திரக்கடையில் எவர்சில்வர் டம்ளர், தட்டு, ஒரு கிண்ணம் எடுத்து, பிள்ளையின் பேரைச் சொல்லி வெட்டித் தரச் சொன்னேன். எங்கள் பக்கம் பாத்திரம் என்றால் பேர் இல்லாமல் இருக்காது. எங்கள் வீட்டு அலமாரியில் மாமியார், அவருடைய அக்கா, யார் யாரோ கல்யாணத்தில் கொடுத்தவர்கள் என்று பலர் பேர் உண்டு. செத்துப்போனவர்கள் பேரில்தான் நாங்கள் தினமும் காப்பி குடிக்கிறோம். யார் பேரில் யார் குடிக்கிறோம் என்று பார்ப்பதில்லை.

"நல்லா ஆழமா வெட்டுங்க அண்ணாச்சி. அழியக் கூடாது" என்றேன்.

அவர் மிஷினை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தார். "உங்க வீட்டுப் பேரு மாதிரி இல்லியே?"

"எங்க பிள்ளைதான்."

சொல்லிவிட்டேனே தவிர, வீடு வரைக்கும் படபடப்பு. பிள்ளை வருவதற்கு முன்னாலேயே எங்கள் பிள்ளை என்று சொல்லிவிட்டோமே, கண் பட்டுவிடுமோ என்று.

அவள் வந்தாள். எட்டு வயது. இல்லத்தில் பேனுக்காக ஒட்ட வெட்டிய முடி காது வரைக்கும் வளர்ந்திருந்தது. அவளுக்கு நடந்ததை நான் இங்கே எழுதப் போவதில்லை, அது அவளுடையது. முடியைப் பிடித்து இழுத்துத்தான் அடிப்பார்களாம். அதை மட்டும் சொல்கிறேன், பின்னால் அது வேண்டியிருக்கிறது.

மேடம் கிளம்பிப் போனதும், டம்ளரையும் தட்டையும் கிண்ணத்தையும் அவள் முன்னால் வரிசையாக வைத்தேன். மனப்பாடம் செய்திருந்ததைச் சொன்னேன்.

"இதெல்லாம் உனக்கு மட்டுந்தான். உன் பேரு போட்டிருக்கு பாரு. வேற யாரும் இதைத் தொட மாட்டோம்."

டம்ளரைப் பார்த்தாள். என்னைப் பார்த்தாள். "சரி" என்றாள். நெஞ்சோடு அணைக்கவில்லை. இந்த மாதிரிப் பிள்ளைகள் சந்தோஷத்தை வெளியே காட்டாது என்று வாசித்திருந்ததால் நானும் எதிர்பார்க்கவில்லை.

பாலைக் குடித்துவிட்டு அவளே புறவாசலுக்குப் போய், துவைக்கிற கல் பக்கத்தில் டம்ளரைக் கழுவி, அங்கேயே கல்மேல் கவிழ்த்து வைத்தாள். ராத்திரி தட்டையும் அப்படியே. நான் எடுத்து உள்ளே வைத்தால், அடுத்த வேளை மறுபடி அங்கேதான் கவிழ்ந்திருக்கும். அடுக்களை நிலைப்படியைத் தாண்டி உள்ளே வருவதில்லை. சாப்பிட உட்கார்ந்தால் எங்களை விட்டு ஒரு பாய் தள்ளி உட்காருவாள். புத்தகத்தைப் புரட்டினேன். சில பிள்ளைகள் அளவுக்கு மீறி உதவி செய்யும், அவசரப்படாதீர்கள் என்று இருந்தது. சரி, அவசரப்படக் கூடாது.

முட்டை கேட்டாள். கேட்கவில்லை, உனக்கு என்ன பிடிக்கும் என்று நான் விடாமல் கேட்டதில், "முட்டை. ஆனா இங்கன வேண்டாம்" என்றாள். எங்களுடையது சைவ வீடு. பிள்ளை பழகிய சாப்பாட்டைக் கொடுக்க வேண்டும் என்பது புத்தகம். இவர் மேலப்பாளையம் ரோட்டில் ஒரு கடையிலிருந்து ஆம்லெட்டை இலையில் மடித்து வாங்கி வந்தார். எனக்கு அந்த வாசனை குமட்டும் என்று தெரிந்து, அவளைப் புறவாசல் படியில் உட்கார்த்தி, அவள் தட்டில் வைத்துக் கொடுத்தார். அவரும் பக்கத்தில் உட்கார்ந்து லேத் கதை சொன்னார். எனக்குப் பெருமையாக இருந்தது.

தொடுகிற விஷயத்தில் நாங்கள் இரண்டு பேருமே மகா கண்டிப்பு. கேட்காமல் தொடக் கூடாது என்று வகுப்பிலும் சொன்னார்கள், புத்தகமும் சொன்னது. கேட்டுத் தொடலாம் என்றுதான் அதற்கு அர்த்தம். நான் எதற்கு வம்பு என்று தொடவே இல்லை. நான் கடைக்குப் போனால் இவர் தலைவாசலைத் திறந்து போட்டு நடையில் உட்கார்ந்திருப்பார்.

வெள்ளிக்கிழமை வந்தது. எங்கள் தெருவில் வெள்ளிக்கிழமை காலையில் நல்லெண்ணெய் வாசனையும் சீயக்காய் வாசனையும் வீட்டுக்கு வீடு வரும். பக்கத்து வீட்டு மைனிக்கு ஒரு மகள், இவளைவிட ஒரு வயது மூத்தவள். அவளை முக்காலியில் உட்கார்த்தி மைனி எண்ணெய் தேய்ப்பது எங்கள் சுவருக்கு மேலே தெரியும். "யம்மோ கண்ணு, கண்ணு!" என்று அது கத்த, "கண்ணை மூடுட்டின்னா ஏன் பேசுத?" என்று மைனி தலையில் ஒன்று வைக்க, ஒரே ரகளை.

என் பிள்ளை சுவர் ஓரம் நின்று அதையே பார்த்துக்கொண்டிருந்தாள். பயந்து நிற்கிறாள் என்று எனக்குத் தோன்றிவிட்டது. மிளகு போட்டுக் காய்ச்சிய எண்ணெயைக் கிண்ணத்தில் ஊற்றி அவள் பக்கத்தில் வைத்தேன்.

"நீயே தேச்சுக்க. பயப்படாத, நான் தொட மாட்டேன்."

உச்சியில் ஊற்றிக்கொண்டு கையைத் தொங்கப் போட்டு நின்றாள். எண்ணெய் காது வழியாகச் சொட்டியது. ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும் இப்படியேதான்.

மற்றபடி குறையே இல்லை. அதுதான் என் கவலை. என் புத்தகங்களில் பிள்ளைகள் ரொட்டியைத் தலையணைக்கு அடியில் ஒளிக்கும், கத்தும், சாமானை உடைக்கும். இவள் பள்ளிக்கூடம் போன பிறகு தலையணையைத் தூக்கித் தூக்கிப் பார்ப்பேன். ஒரு முறுக்குத் துண்டு கிடையாது. வாத்தியாரம்மா அமைதியான பிள்ளை என்றார்கள். ஏதோ தப்பாக இருக்கிறது என்று இவரிடம் சொன்னால், "நல்லா இருக்கிறதும் உனக்குக் கவலைதானா?" என்று சிரிப்பார். குழு கூடுகிற மாதம் நெருங்கிக்கொண்டிருந்தது.

ஒரு நாள் மத்தியானம் நான் கொடியில் துணி எடுத்துக்கொண்டிருக்கும்போது மைனி சுவரில் முழங்கையை ஊன்றிக்கொண்டு நின்றாள்.

"ஏளா, ஒண்ணு கேட்டா கோவிச்சுக்க மாட்டியே?"

"கேளுங்க மைனி."

"அந்தப் பிள்ளைக்கு டம்ளர், தட்டெல்லாம் தனியாத்தான் வச்சிருக்கியோ?"

"ஆமா மைனி. பேரு வெட்டி வாங்கினேன்." கொஞ்சம் பெருமையாகவே சொன்னேன்.

"நல்லது. பேரு வேற வெட்டியாச்சா. மாறிறக் கூடாதுல்லா."

நான் விழித்தேன். அவள் கல்மேல் கவிழ்ந்து கிடந்த டம்ளரைப் பார்த்துக்கொண்டே சொன்னாள்.

"எங்க ஆத்தா வீட்டுல வயல்ல இருந்து வாரவங்களுக்குப் புறவாசல்ல ஒரு டம்ளர் கிடக்கும். அவங்களே கழுவி அங்கனயே கவுத்திட்டுப் போணும். அதுல பேரெல்லாம் கிடையாது. நீ ஒரு படி மேல போயிட்ட."

துணி கையிலிருந்து நழுவித் தரையில் விழுந்தது. "ஐயோ மைனி, நான் அப்படி..."

"நான் சொல்லலம்மா. உன் பிள்ளைதான் என் மவ கிட்ட சொல்லியிருக்கா."

"என்னன்னு?"

மைனியின் குரல் இறங்கிவிட்டது. குத்திக் காட்ட வந்தவள்தான். என் முகத்தைப் பார்த்த பிறகு மனசு வரவில்லை போலிருக்கிறது. "'அவங்க நல்லவங்கதான். அடிக்க மாட்டாங்க. முட்டை கூட வாங்கித் தருவாங்க. தொடத்தான் மாட்டாங்க. நாங்க வேற ஆளுகல்லா'ன்னு சொன்னாளாம். ரொம்ப சாதாரணமாச் சொன்னாளாம்."

உள்ளே போய் உட்கார்ந்தேன். புத்தகத்தை எடுத்து அந்தப் பக்கத்தைத் திறந்தேன். பனி. கரடிப் படம். அந்த அம்மாவுக்கு நான் என்ன குறை சொல்வது? அவள் ஊரில் தனிக் கோப்பை கொடுத்தால் பிள்ளைக்கு வீட்டில் ஒரு இடம் கிடைத்தது. இந்த ஊரில் பிறந்த பிள்ளைக்கு அதே கோப்பை என்ன சொல்லும் என்று, இதே ஊரில் பிறந்து, இதே மாதிரி டம்ளர்களைப் புறவாசலில் பார்த்தே வளர்ந்த எனக்குத் தோன்றவில்லை. அவள் என்ன ஆட்கள் என்று நாங்கள் கேட்கவும் இல்லை, யாரும் சொல்லவும் இல்லை. நாங்கள் என்ன ஆட்கள் என்று அவள் வந்த அன்றைக்கே தெரிந்துகொண்டாள். இனி அந்தக் குழு கேட்கும்போது அவள் என்ன சொல்வாள்? இல்லத்தில் எல்லாருக்கும் ஒரே மாதிரி டம்ளர்.

சாயங்காலம் இவர் வந்ததும் சொன்னேன். கிரீஸ் கையைத் துடைக்கப் போனவர் புறவாசல் படியைத் திரும்பிப் பார்த்தார்.

"நானும் புறவாசல்லல்லா உட்கார்த்தி வச்சுக் குடுத்திருக்கேன்" என்றார்.

"அவகிட்ட எடுத்துச் சொல்லுவோமா அத்தான்?"

"என்னன்னு? உன்னைத் தள்ளி வைக்கலைன்னா? அப்படிச் சொல்லிக்கிட்டே தள்ளி வச்ச ஆளுகளை அவ பாத்திருக்க மாட்டாளா?"

மறுநாள் காலையில் அவள் டம்ளரை எடுத்து எங்கள் டம்ளர்களோடு அலமாரியில் கலந்து வைத்தேன். பாலை மாமியார் பேர் போட்டதில் ஆற்றிக் கொடுத்தேன். அவள் வாங்கவில்லை. நிலைப்படியில் நின்று எட்டிப் பார்த்து, "என்னுது அந்தா இருக்கு" என்று கையைக் காட்டினாள். எனக்கு வேறு வழி தெரியாமல் அதிலேயே மாற்றிக் கொடுத்தேன். வாங்கிக்கொண்டு புறவாசல் படிக்குப் போனாள்.

பின்னாலேயே போனேன். என்ன செய்யப் போகிறேன் என்று எனக்கே தெரியாது. அவள் வாய் வைத்துப் பாதி குடித்திருந்தாள். எங்கள் வீட்டில் டம்ளரை உதட்டில் வைக்கிற பழக்கமே கிடையாது, அண்ணாந்துதான் குடிப்போம். எச்சில் என்று சொல்லிச் சொல்லி வளர்த்தார்கள். என் புருஷன் குடித்து வைத்த டம்ளரில்கூட அதுவரை நான் குடித்ததில்லை. குனிந்து அவள் கையிலிருந்த டம்ளரைப் பிடுங்கி, உதட்டில் வைத்துக் குடித்தேன்.

"அது நான் வாய் வச்சது" என்றாள், கண்ணை அகல விரித்து.

"தெரியும்."

மறுபடி குடித்தேன். பாலாடை உதட்டில் ஒட்டியது. சூடும் இனிப்புமாக இருந்தது. படபடப்பில் எங்கே நிறுத்துவது என்று தெரியாமல் பூராவும் குடித்துவிட்டேன். பட்டினி கிடந்த பிள்ளையின் கையிலிருந்து சாப்பாட்டைப் பறிக்கவே கூடாது என்று என் புத்தகங்கள் அத்தனையும் சொல்கின்றன. டம்ளரைக் கீழே இறக்கிய பிறகுதான் அது நினைவுக்கு வந்தது.

அவள் டம்ளரை என் கையிலிருந்து வாங்கி உள்ளே பார்த்தாள். முகம் கோணியது.

"என் பாலு!"

காலைத் தரையில் உதைத்தாள். அதுவரை அந்தக் குரலை நாங்கள் கேட்டதே இல்லை. "என் பாலு! பூராத்தையும் குடிச்சிட்டாங்க! எனக்குத் தாங்க!" அழுகையென்றால் தெருவுக்கே கேட்கிற அழுகை. மைனியின் தலை சுவருக்கு மேலே வந்துவிட்டது. இவர் பாதி முகத்தில் சவர நுரையோடு ஓடி வந்தார்.

"என்னளா ஆச்சு?"

"என் பாலைக் குடிச்சிட்டாங்க!"

அவர் என் உதட்டில் இருந்த ஆடையைப் பார்த்தார். அவருக்குப் புரிந்துவிட்டது. ஆனாலும் முகத்தைக் கடுகடுப்பாக வைத்துக்கொண்டு, "ஏளா, பிள்ளை பாலைப் பிடுங்கிக் குடிச்சியா? வயசு என்ன ஆச்சு உனக்கு?" என்றார்.

அவள் போய் அவர் வேட்டிக்குப் பின்னால் நின்றுகொண்டாள்.

"நீ விடாத. இவ காப்பி அடுப்புப் பக்கத்துல இருக்கு. போய் அதைக் குடி."

அவள் அழுகையை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தாள். விறுவிறுவென்று நடந்து, நிலைப்படியைத் தாண்டி அடுக்களைக்குள் போனாள். மேடையில் இருந்த என் டம்ளரை இரண்டு கையாலும் எடுத்து, என்னைப் பார்த்துக்கொண்டே வாய் வைத்து ஒரு மடக்குக் குடித்தாள்.

"கசக்கு!"

"கசக்கும். சீனி போட மாட்டேன்லா" என்றேன்.

"நல்லா வேணும்" என்றாள். யாருக்கு நல்லா வேணும் என்று எனக்கு இன்றைக்கும் தெரியாது. இவர் சிரித்த சிரிப்பில் நுரை தரையெல்லாம் தெறித்தது. சுவருக்கு மேலே மைனி, "ஏம்மா, என் வீட்டுல பாலு இருக்கு, சண்டை போடாதிய" என்றாள்.

அதற்காக அன்றோடு எல்லாம் சரியாகிவிடவில்லை. டம்ளர் பல நாள் கல்மேலேயே கவிழ்ந்தது. நான் போய் எடுத்து, அதிலேயே தண்ணீர் மொண்டு வாய் வைத்துக் குடித்துவிட்டு உள்ளே வைப்பேன். இவரும் அப்படியே. கொஞ்ச நாளில் அவளுக்கு அதைக் காவல் காக்கிற வேலை வந்துவிட்டது. எங்களுக்கு அகப்படக் கூடாது என்று அவளே கழுவி அலமாரியின் மேல்தட்டில் ஒளித்து வைக்க ஆரம்பித்தாள். புத்தகத்தில் ரொட்டியை ஒளிப்பார்கள் என்று இருந்தது. எங்களுக்கு டம்ளர்.

அடுத்து வந்த வெள்ளிக்கிழமை எண்ணெய்க் கிண்ணத்தோடு அவளிடம் போய், "தேய்க்கட்டுமா?" என்று கேட்டேன்.

யோசித்தாள். "பையத் தேப்பீங்களா?"

"பையத்தான். வலிச்சா நிறுத்துன்னு சொல்லு."

முன்னால் உட்கார்ந்தாள். நான் தேய்த்து முடிக்கிற வரைக்கும், பஸ்ஸில் கம்பியைப் பிடிப்பது மாதிரி என் மணிக்கட்டை ஒரு கையால் பிடித்துக்கொண்டே இருந்தாள். என் கை அவள் தலைமேல் எங்கே போனாலும் அவள் கையும் கூடவே போனது. காதுக்குப் பின்னால் தேய்க்கும்போது கண் சொக்கியது. பிடியை விடவில்லை.

குழு கூடிய அன்று ஒரு வராண்டா பெஞ்சில் நானும் இவரும் உட்கார்ந்திருந்தோம். அவளை உள்ளே கூட்டிப் போய்க் கதவைச் சாத்தினார்கள். கேஸை அணைத்தேனா என்று ஒரு தரம் கூட எனக்குத் தோன்றவில்லை. அந்தக் கதவைத் தவிர உலகத்தில் வேறொன்றும் இல்லை. இது புத்தகமாக இருந்தால் முதலிலேயே கடைசிப் பக்கத்தைப் பார்த்திருப்பேன். இவர் என் கையைப் பிடிக்க வந்தவர், பொது இடம் என்று நினைத்தாரோ என்னவோ, பெஞ்சைப் பிடித்துக்கொண்டார்.

மேடம்தான் முதலில் வெளியே வந்தார். முகத்தில் ஒன்றும் தெரியவில்லை.

"அம்மா, உங்க மேல ஒரு புகார் இருக்கு."

எழுந்து நின்றேன். டம்ளர் விஷயம்தான் என்று தெரிந்துவிட்டது. எங்கிருந்து சொல்ல ஆரம்பிப்பது, பனி கொட்டுகிற ஊரிலிருந்தா?

"பிள்ளை பாலைப் பிடுங்கிக் குடிச்சிட்டீங்களாமே?"

"ஆமா மேடம்."

"இன்னும் அப்பப்ப அவ டம்ளரை எடுத்துடறீங்களாம். சொல்லி வைக்கச் சொன்னா." அதற்குள் அவர் உதடு சிரிப்பை அடக்க முடியாமல் நெளிந்தது. "அப்புறம், இங்க ரொம்ப நேரம் ஆகுமான்னு கேட்டா. நாளைக்கு வெள்ளிக்கிழமையாம். எண்ணெய் காய்ச்சணுமாம். வீட்டுக்குப் போகணுமாம்."

"எந்த வீட்டுக்கு?" என்று கேட்டேன்.

மேடம் என்னை ஒரு மாதிரி பார்த்தார். "நீங்க எத்தனை வீடு வச்சிருக்கீங்க?"

இவர் தோள் துண்டை எடுத்து முகத்தைத் துடைத்துக்கொண்டார். வெயிலே இல்லை.

இப்போது அவள் எட்டாம் வகுப்பு. முடி இடுப்பைத் தொடுகிறது. எங்களைப் பெரியம்மை, பெரியப்பா என்று கூப்பிடுகிறாள். எப்போதிலிருந்து என்று கேட்டால் எங்கள் மூன்று பேருக்குமே தெரியாது. அடுக்களையில் முட்டை வேகிறது. நான் ஜன்னலைத் திறந்து வைப்பேன், அவ்வளவுதான். வருஷத்துக்கு ஒரு தரம் பேப்பரைப் புதுப்பிக்க வேண்டும்; அந்த மாதம் எனக்குச் சோறு இறங்காது. அடுத்த வருஷம் அவள் ஒன்பதாம் வகுப்புக்குப் போவாள். அது எனக்குத் தெரியாத வகுப்பு. அதற்கும் இப்போதிருந்தே கவலைப்பட ஆரம்பித்திருக்கிறேன்.

நூலகத்துத் தம்பி இன்னும் "புதுசா ஒரு பிள்ளை வந்திருக்கு" என்கிறார். அவள் கூட வந்திருந்தால், "எதுக்கு இன்னொரு பிள்ளை?" என்று முறைப்பாள். வீட்டுக்கு வந்ததும் என்னிடமிருந்து பிடுங்கி அவளே வாசிப்பாள். எனக்கு விரல் வைத்து ஒரு பக்கம் முடிப்பதற்குள் அவள் ஒரு அத்தியாயம் தாண்டியிருப்பாள்.

போன மழைக்காலத்தில் ஒரு நாள், அந்தப் பனி ஊர்ப் புத்தகம் அவள் கையில் அகப்பட்டது. நானே வாங்கி அலமாரியில் வைத்திருந்தேன். படியில் உட்கார்ந்து வாசித்துக்கொண்டே வந்தவள் சட்டென்று நிறுத்தினாள்.

"இதைப் பாத்துட்டா எனக்கு டம்ளர் வாங்குனிய?"

நான் கீரை ஆய்ந்துகொண்டிருந்தேன். "ஆமா."

அந்தப் பக்கத்தை மறுபடி வாசித்தாள் என்று கண் போகிற போக்கில் தெரிந்தது. அப்புறம் என்னை மாதிரியே கடைசிப் பக்கத்துக்குப் புரட்டினாள். அதில் பிள்ளை வேறொரு குடும்பத்துக்குப் போய்விடுகிறது. நல்ல குடும்பம்தான். அந்த அம்மா வாசலில் நின்று கையாட்டுகிறாள். கோப்பை பெட்டிக்குள் பிள்ளையோடு போகிறது.

"இந்த அம்மா அந்தக் கப்புல ஒரு நாளாவது குடிச்சாங்களா?" என்று கேட்டாள்.

"அப்படி எதுவும் போடலை."

"விவரம் பத்தாது" என்று புத்தகத்தை மூடி என் பக்கம் தள்ளிவிட்டு, பால் வைக்க உள்ளே போனாள்.